முசோலினியின் பேரரசுக் கனவும் வலியறியாப் போரும்

கொட்டாஞ்சேனையில் வாழ்வோருக்குக் கப்பற் சங்கொலி புதிதன்று. கொச்சிக்கடைப் பொன்னம்பலவாணேசர் கோயில் மணியும், சாந்த லூசியாள் பேராலய மணியும், துறைமுகத்திற் கப்பல்கள் ஊதும் ஒலியும் கலந்தே இப்பகுதியின் காலைப்பொழுது புலர்கின்றது. 1942ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 5ஆந் திகதி, உயிர்த்த ஞாயிறன்று, அக்காலைப்பொழுது வேறுவிதமாக விடிந்தது. யப்பானிய விமானந்தாங்கிக் கப்பல்களிலிருந்து எழுந்த விமானங்கள் கொழும்புத் துறைமுகத்தின்மீது குண்டு பொழிந்தன. அந்நாளைப் பற்றிய கதைகள் மூத்தோர் வாய்வழியாக இன்றும் நம் வீடுகளில் வழங்கி வருகின்றன.

அக்குண்டுகளை வீசிய நாடு தனித்து நின்ற நாடன்று. 1940 செப்டெம்பர் 27ஆந் திகதி பேர்லின் நகரில் ஜேர்மனி, இத்தாலி, யப்பான் ஆகிய மூன்றும் கைச்சாத்திட்ட உடன்படிக்கை அவற்றை ஓரணியாகப் பிணைத்திருந்தது. இம்மூன்றனுள் யப்பானை நம் துறைமுகம் அறியும். ஜேர்மனியைப் பாடநூல்கள் விரித்துரைக்கும். இத்தாலியையோ நம் மாணவர் ஒரு வரியிற் கடந்து செல்வர். 'பாசிசம்' என்னும் சொல்லையே உலகுக்கு அளித்த நாடு அது. மூன்றனுள் முதலில் வீழ்ந்த நாடும் அதுவே.

இக்கட்டுரையை எழுதத் தூண்டியது வகுப்பறையில் எழுந்த ஒரு வினா. சர்வாதிகாரம் பற்றிய பாடம் நடந்துகொண்டிருந்தபொழுது மாணவன் ஒருவன் எழுந்து, "கேள்வி கேட்பவர் எவரும் இல்லாவிட்டால் நாடு விரைவாக முன்னேறும் அல்லவா, சேர்?" என்றான். அவன் கேலியாகக் கேட்கவில்லை. பலர் மனத்தில் உள்ளதையே அவன் வாய்விட்டுக் கேட்டான். கேள்வி கேட்பவர் எவருமின்றி 20 ஆண்டுகளுக்கு மேலாக ஒரு நாட்டை ஆண்டவனின் போர் வரலாற்றை அவனுக்கு விடையாகத் தருதல் பொருந்தும் என எண்ணினேன்.

வள்ளுவர் பொருட்பாலில் வலியறிதல், காலமறிதல், இடனறிதல் என மூன்று அதிகாரங்களை அடுத்தடுத்து வைத்துள்ளார். போருக்குப் புறப்படுவோன் தன் வலிமையையும் பிறர் வலிமையையும் அளந்தறிதல் வேண்டும். ஏற்ற காலத்தைத் தேர்தல் வேண்டும். ஏற்ற இடத்தைத் தேர்தல் வேண்டும். இம்மூன்று அளவுகோல்களையும் கொண்டு முசோலினியின் போரை நோக்குவோம்.

பேரரசு பிறந்த வகை

முதலாம் உலகப் போரில் இத்தாலி வென்ற அணியில் நின்றது. ஆயினும் எதிர்பார்த்த நிலங்கள் கிட்டவில்லை என்ற மனக்குறையும், வேலையின்மையும், உள்நாட்டுக் கலகங்களும் அந்நாட்டை அலைக்கழித்தன. அக்குழப்பத்தில் எழுந்தவன் பெனிற்றோ முசோலினி. 1922 ஒக்டோபர் 28ஆந் திகதி அவனுடைய கருஞ்சட்டைத் தொண்டர் உரோமாபுரியை நோக்கி அணிவகுத்தனர். அவர்களைத் தடுக்க மனமற்ற மன்னர் அவனைப் பிரதமராக்கினார். 1925ஆம் ஆண்டளவில் அவன் சர்வாதிகாரியாகிவிட்டான். எதிர்க்கட்சிகள் கலைக்கப்பட்டன, பத்திரிகைகள் அவன் சொற்படி எழுதின. பண்டைய உரோமரின் அதிகாரச் சின்னமாகிய, கோடரி செருகிய கோற்கட்டே அவன் கட்சிக்குப் பெயரும் சின்னமுமாயிற்று. மத்தியதரைக் கடலை உரோமர் 'நமது கடல்' என அழைத்தனர். அவ்வழக்கை மீட்பதே தன் பிறவிப்பயன் என அவன் மேடைதோறும் முழங்கினான்.

அம்முழக்கத்துக்கு முதற் பலியானது எதியோப்பியா. 1896இல் அட்வா என்னுமிடத்தில் எதியோப்பியர் இத்தாலியப் படையை முறியடித்திருந்தனர். அப்பழியைத் தீர்ப்பதாகக் கூறி 1935 ஒக்டோபர் 3ஆந் திகதி முசோலினி படையேவினான். நச்சுவாயுவைப் போரிற் பயன்படுத்துவதில்லை என இத்தாலி 1925ஆம் ஆண்டு ஜெனீவா உடன்படிக்கையில் ஒப்பமிட்டிருந்தது. அவ்வொப்பத்தின் மை உலர்ந்து பத்தாண்டுகளே சென்றிருக்க, வெறுங்காலுடன் நின்று போராடிய மக்கள்மீது விமானங்கள் அவ்வாயுவைத் தெளித்தன. 1936 மே 5ஆந் திகதி அடிஸ் அபாபா வீழ்ந்தது. நான்கு நாட்களின் பின் 'உரோமப் பேரரசு மீண்டது' என முசோலினி மாடியில் நின்று அறிவித்தான்.

இவ்வெற்றியே அவனுக்கு நஞ்சாயிற்று. சர்வதேச சங்கம் இத்தாலிக்கு எதிராக வணிகத் தடை விதித்தது. ஆயின் எண்ணெயை அத்தடையிற் சேர்க்கவில்லை. சுயஸ் கால்வாயும் மூடப்படவில்லை. பிறருடைய தயக்கத்தால் வாய்த்த வெற்றியைத் தன் படையின் ஆற்றலால் வாய்த்ததாக அவன் எண்ணினான். அதன்பின் ஸ்பானிய உள்நாட்டுப் போருக்குப் படையும் தளபாடமும் அனுப்பினான். 1939 ஏப்ரலில் அல்பேனியாவைக் கைப்பற்றினான். அதே ஆண்டு மே மாதம் ஹிட்லருடன் 'உருக்கு உடன்படிக்கை' செய்துகொண்டான்.

வலி

தன்னிடம் 80 இலட்சம் துப்பாக்கி முனைகள் உள்ளனவென்பது முசோலினியின் புகழ்பெற்ற வீரமொழி. உண்மை நிலை யாது? 1940 ஜூன் மாதத்தில் இத்தாலிய தரைப்படையின் பிரிவுகள் 73 எனக் கணக்கிடப்பட்டன. அவற்றுள் ஆளும் ஆயுதமும் நிறைவாகப் பெற்றவை 19 மாத்திரமே. மூன்று றெஜிமென்டுகளைக் கொண்டிருந்த ஒரு பிரிவை இரண்டாகக் குறைத்து, எஞ்சியவற்றைக் கொண்டு புதிய பிரிவுகளை அமைத்ததாலேயே அவ்வெண்ணிக்கை பெருகியது. ஒரு குடம் பாலில் நீர் கலந்து இரு குடமாக்கிய கதை இது.

வீரன் கையிலிருந்த துப்பாக்கி 1891ஆம் ஆண்டின் அமைப்பு. பீரங்கிகளிற் பல முதலாம் உலகப் போரில் ஒஸ்திரியரிடமிருந்து கைப்பற்றப்பட்டவை. டாங்கிகள் என எண்ணப்பட்டவற்றுட் பெரும்பாலானவை மூன்று தொன் எடையுள்ள, யந்திரத் துப்பாக்கி மாத்திரம் பொருத்திய சிறு வண்டிகள். கடற்படையிற் பெரும் போர்க்கப்பல்கள் இருந்தன. ஆயின் இருளில் எதிரியைக் காட்டும் ராடார் இல்லை. விமானந்தாங்கிக் கப்பல் ஒன்றேனும் இல்லை. இத்தாலி நாடே கடலில் நீண்டு கிடக்கும் ஒரு விமானந்தாங்கி என்று கூறி அத்தேவையை முசோலினி தட்டிக்கழித்தான்.

இவற்றுக்கெல்லாம் அடியில் இருந்த குறை நிலக்கரியும் எண்ணெயும் இன்மை. 1939 ஓகஸ்ட் மாதம், போர் தொடங்கும் தறுவாயில், தாம் போரில் இறங்குவதாயின் வேண்டியவை இவையென இத்தாலியர் ஹிட்லருக்கு ஒரு பட்டியல் அனுப்பினர். அதன் மொத்த நிறை 1 கோடியே 70 இலட்சம் தொன். கொடுக்க இயலாத அளவைக் கேட்டுப் போரிலிருந்து விலகி நிற்பதற்கான உபாயம் அது. நாட்டின் உண்மை வலிமையை அதிகாரிகள் அறியாதவரல்லர் என்பதை அப்பட்டியலே காட்டுகின்றது. ஊழின் விளையாட்டையும் ஈண்டுக் குறிப்பிடல் தகும். எண்ணெய்க்கு ஏங்கி இத்தாலிய டாங்கிகள் நின்றுபோன அதே லிபியாவின் மண்ணுக்கடியில் பெரும் எண்ணெய் வயல் 1959இற் கண்டறியப்பட்டது.

அறிந்தவர் ஏன் உரைக்கவில்லை? 1933 முதல் தரைப்படை, கடற்படை, விமானப்படை மூன்றுக்கும் அமைச்சன் முசோலினியே. குறையைக் கூறவேண்டியவர், குறையே இல்லையென முழங்குபவனிடமே அதைக் கூறவேண்டியிருந்தது. கூறியவர் பதவி இழந்தனர். கூறாதவர் பதக்கம் பெற்றனர். தவறுகண்டவிடத்துக் கண்டித்துரைக்கும் பெரியோரைத் துணையாகக் கொள்ளுமாறு வள்ளுவர் அரசனுக்கு ஓர் அதிகாரம் முழுவதும் அறிவுறுத்தியதன் காரணம் இங்கே விளங்கும்.

காலம்

1940 ஜூன் மாதத்தில் ஜேர்மன் படைகள் பிரான்சை ஊடறுத்துச் சென்றன. போர் முடிந்துவிட்டது என முசோலினி கணக்கிட்டான். சமாதான மேசையில் தனக்கும் ஓர் இருக்கை கிடைப்பதற்குச் சில ஆயிரம் பேர் இறந்தாற் போதுமென அவன் கூறியதாகப் படைத்தலைவர் படோக்லியோ பின்னர் எழுதினார். ஜூன் 10ஆந் திகதி பிரான்ஸ்மீதும் பிரித்தானியாமீதும் போர் அறிவிக்கப்பட்டது. அறிவிப்பு வெளிவந்த அவ்வேளையில் இத்தாலிய வணிகக் கப்பல்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு வெளிக்கடல்களிலும் அந்நியத் துறைமுகங்களிலும் நின்றன. அவை அனைத்தும் நாட்டுக்கு உதவாது போயின. தன் கப்பல்களைத் திருப்பி அழைக்கும்வரை கூடப் பொறுக்காத அவசரம் அது.

அல்ப்ஸ் மலையில் தோல்வியின் விளிம்பில் நின்ற பிரெஞ்சுப் படையை இத்தாலியர் சில நாட்கள் தாக்கினர். அச்சில நாட்களில் 631 இத்தாலியர் இறந்தனர். 2,000க்கும் மேற்பட்டோர் பனிக்கடியால் நலிந்தனர். அது கோடைகால ஜூன் மாதம் என்பதை மறத்தலாகாது. மலைப்போருக்குரிய உடையும் காலணியுமின்றி அவர்கள் அனுப்பப்பட்டிருந்தனர்.

அதனினும் கொடிது கிரேக்கப் படையெடுப்பு. தன்னிடம் கூறாமல் ஹிட்லர் ருமேனியாவுக்குப் படை அனுப்பியமை முசோலினியின் தன்மானத்தைச் சுட்டது. தானும் அவனிடம் கூறாமலே கிரேக்கத்தைப் பிடிப்பதாகச் சூளுரைத்தான். அறுவடைக்கும் தொழிற்சாலைக்கும் ஆள் வேண்டுமென இலட்சக்கணக்கான வீரரைச் சில வாரங்களுக்கு முன்னரே வீட்டுக்கு அனுப்பியிருந்தும் அவன் தாமதிக்கவில்லை. படையெடுப்புக்குக் குறித்த நாள் 1940 ஒக்டோபர் 28. உரோமாபுரி அணிவகுப்பின் ஆண்டுநிறைவு நாள். மழையும் பனியும் தொடங்கும் பருவத்தை விழாவுக்காகத் தேர்ந்தமை காலமறியாமைக்கு எடுத்துக்காட்டன்றோ? கிரேக்கர் இடங்கொடுக்கவில்லை. சில வாரங்களில் இத்தாலியப் படை அல்பேனியாவுக்குள் பின்தள்ளப்பட்டது. அம்மலைகளில் 13,000க்கும் மேற்பட்ட இத்தாலியர் மாண்டனர். பனிக்கடிக்குள்ளானோர் 12,000க்கும் மேல். 1941 ஏப்ரலில் ஹிட்லரின் படை வந்தே அம்மானத்தைக் காக்கவேண்டியதாயிற்று.

இடம்

இடத்தேர்விலும் இதே கதை. எகிப்து, கிரேக்கம், கிழக்கு ஆபிரிக்கா என ஒன்றுக்கொன்று உதவமுடியாத மூன்று களங்களை முசோலினி ஒரே வேளையில் திறந்தான். 1940 செப்டெம்பரில் லிபியாவிலிருந்து எகிப்துக்குள் நுழைந்த அவன் படை சீடி பர்ரானியில் நின்றுவிட்டது. டிசெம்பர் 9ஆந் திகதி பிரித்தானிய, இந்தியப் படைகள் அதனைத் தாக்கின. இந்தியாவின் 4ஆம் பிரிவு அத்தாக்குதலில் முன்னின்றது. அடுத்து அவுஸ்திரேலியர் வந்து சேர்ந்தனர். அவர்கள் 1940இன் தொடக்கத்தில் நம் கொழும்புத் துறைமுகத்தில் இறங்கி இளைப்பாறிச் சென்றவர்கள். 36,000 பேர் அளவில் தொடங்கிய அப்படை, இரண்டு மாதங்களுக்குள் ஏறத்தாழ 1,30,000 பேரைச் சிறைப்பிடித்தது. இடையில், நவம்பர் 11ஆந் திகதி இரவு, தாரந்தோ துறைமுகத்தில் 21 பழைய இரட்டைச் சிறகு விமானங்கள் மூன்று பெரும் போர்க்கப்பல்களை முடமாக்கின. 'நமது கடல்' ஓரிரவில் பிறர் கடலாயிற்று.

கிழக்கு ஆபிரிக்காவிலிருந்த இத்தாலியப் படை தாய்நாட்டிலிருந்து முற்றாகத் துண்டிக்கப்பட்டிருந்தது. சுயஸ் கால்வாய் பிரித்தானியர் வசம். ஒரு ரயரோ, ஒரு பீப்பா எண்ணெயோ கடல்வழி வருவதற்கில்லை. அப்படையில் மூன்றில் இரு பங்கினர் ஆபிரிக்கர். எரித்திரியாவின் கெரென் நகரைக் காக்கும் மலைக் கணவாயில் 1941 பெப்ரவரி 5 முதல் மார்ச் 27 வரை பெரும் போர் நிகழ்ந்தது. இந்தியாவின் 4ஆம், 5ஆம் பிரிவுகள் செங்குத்தான பாறைகளில் ஏறியும் வீழ்ந்தும் மீண்டும் ஏறியும் போரிட்டன. இராஜபுத்தான றைபிள் படையின் சுபேதார் ரிச்பால் ராம் இறந்தபின் விக்டோரியாச் சிலுவை பெற்றது இக்களத்திலேயே. இத்தாலியர் வெடிவைத்து மூடிய கணவாய்ப் பாதையை, சப்பர் எனப்படும் பொறியியற் படையினர் குண்டுமழைக்கிடையே திறந்தனர்.

இங்கே ஓர் உண்மையைக் கூறாவிடில் நீதியாகாது. கெரெனில் இத்தாலியரும், அவர்கள்பக்கம் நின்ற எரித்திரியரும் ஏழு வாரங்கள் அஞ்சாது பொருதனர். இத்தாலியர் கோழைகள் என்னும் மலிவான நகைச்சுவைக்கு அம்மலை இடந்தராது. ஆற்றல் வீரரிடம் இருந்தது. அளந்தறியும் அறிவு தலைவனிடம் இல்லை.

கெரென் வீழ்ந்தபின் வழி திறந்தது. ஏப்ரல் 6ஆந் திகதி அடிஸ் அபாபா மீட்கப்பட்டது. 1941 மே 5ஆந் திகதி பேரரசர் ஹெயிலி செலாசி தம் தலைநகருட் புகுந்தார். அந்நகரம் வீழ்ந்து சரியாக ஐந்தாண்டுகள் அன்று நிறைந்தன. செங்கடல் அச்சமற்ற வழியாயிற்று. அடுத்த ஆண்டு யப்பானியர் இந்து சமுத்திரத்துள் நுழைந்தபொழுது இத்தாலியத் தளம் ஒன்றும் செங்கடல் வாயிலில் எஞ்சியிருக்கவில்லை. கொழும்பின் கதையும் கெரெனின் கதையும் இவ்விடத்தில் ஒன்றாகின்றன.

துணையும் வீழ்ச்சியும்

வலியறிதலில் துணைவரின் வலிமையும் அடங்கும். முசோலினி துணையென நம்பியது அவனுக்குத் தளையாயிற்று. 1941 முதல் அவன் படைகள் ஹிட்லரின் கட்டளைக்குக் கட்டுப்பட்டன. தன் நாட்டில் பற்றாக்குறை நிலவ, 2,30,000 பேரளவிலான படையை அவன் ரஷ்யாவின் டொன் ஆற்றங்கரைக்கு அனுப்பினான். 1942ஆம் ஆண்டின் இறுதிப் பனிக்காலத்தில் அப்படை சிதைந்தது. 80,000க்கும் மேற்பட்டோர் வீடு திரும்பவில்லை. 1943 மே மாதம் வட ஆபிரிக்கா கைநழுவியது. ஜூலை 10ஆந் திகதி நேசப்படைகள் சிசிலித் தீவில் இறங்கின. ஜூலை 25ஆந் திகதி விடியுமுன், முசோலினி தானே அமைத்த பாசிசப் பேரவை அவனுக்கு எதிராக வாக்களித்தது. அன்றே மன்னர் அவனை நீக்கிச் சிறைவைத்தார். இருபதாண்டுகளாகக் கேட்கப்படாத கேள்விகள் அனைத்தும் ஓரிரவிற் கேட்கப்பட்டன. ஆயின் நாடு அழிந்த பின்.

சிறையிலிருந்து ஜேர்மனியர் அவனை மீட்டு, வட இத்தாலியில் ஒரு பொம்மை அரசின் தலைவனாக அமர்த்தினர். போர் மேலும் 20 மாதங்கள் இத்தாலிய மண்ணிலேயே நடந்தது. இந்தியாவின் மூன்று பிரிவுகள் அங்கும் போரிட்டன. அவற்றுள் 4ஆம் பிரிவுடன் சென்றோர் மதறாஸ் சப்பர்கள். அவர்களுள் ஒருவர் காஞ்சிபுரத்தை அடுத்த கீழொட்டிவாக்கத்திற் பிறந்த சுபேதார் சுப்பிரமணியன். 1944 பெப்ரவரி 24ஆந் திகதி, கசீனோ மலையை நோக்கிய போரின் நடுவே, மிஞ்ஞானோ என்னுமிடத்தில் அவர் தம் குழுவினருடன் கண்ணிவெடி அகற்றிக்கொண்டிருந்தார். குழுவினர் ஒருவரின் காலடியில் வெடி தூண்டப்பட்டது. அது வெடிப்பதற்குச் சில நொடிகளே இருந்தன. சுப்பிரமணியன் அதன்மேல் தம் உடலைக் கிடத்தினார். அவர் இறந்தார், ஏனையோர் உயிர் பிழைத்தனர். இறந்தபின் அவருக்கு ஜோர்ஜ் சிலுவை வழங்கப்பட்டது.

தமிழ் நாட்டின் ஒரு சிற்றூரான் இத்தாலிய மலையடிவாரத்தில் உயிர்துறக்க நேர்ந்ததேன்? சமாதான மேசையில் ஓர் இருக்கைக்காகச் சில ஆயிரம் பேர் இறந்தாற் போதுமென ஒருவன் போட்ட கணக்கின் விளைவு அது. அக்கணக்கில் சுப்பிரமணியனின் பெயர் இருக்கவில்லை. இத்தாலியர் மாத்திரம் 4 இலட்சத்துக்கு மேல் இப்போரில் மாண்டனர். எதியோப்பியர், கிரேக்கர், அல்பேனியர் ஆகியோரின் இழப்பு வேறு.

சுதந்திரமற்ற நாட்டிலிருந்து சென்றவர்கள் பிறர் சுதந்திரத்துக்காக மடிந்தமை இவ்வரலாற்றின் துயரமான முரண். அம்முரணைக் கண்டோர் அக்காலத்திலும் இருந்தனர். பிரித்தானியரின் பகைவர் இந்தியாவின் நண்பராகலாம் என்ற எண்ணத்துடன் சுபாஷ் சந்திர போஸ் 1942 மே மாதம் உரோமாபுரியில் முசோலினியைச் சந்தித்தார். அவரது நாட்டுப்பற்று ஐயத்துக்கிடமற்றது. ஆயினும் ஏழை நாடொன்றின் விடுதலையை முசோலினி எவ்வாறு மதித்தான் என்பதற்கு எதியோப்பிய மண்ணே சான்று பகர்ந்தது. அந்நியன் ஒருவனின் நுகத்தை இறக்க மற்றோர் அந்நியனின் நுகத்தை நாடுதல் பாதுகாப்பான வழியன்று.

1945 ஏப்ரல் 28ஆந் திகதி, தப்பியோட முயன்ற முசோலினி தன் நாட்டவராகிய எதிர்ப்புப் படையினராலேயே சுட்டுக்கொல்லப்பட்டான். மறுநாள் மிலான் நகரச் சதுக்கத்தில் அவன் உடல் தலைகீழாகத் தொங்கவிடப்பட்டது. ஒருகாலத்தில் அவன் மாடியின்கீழ் நின்று ஆரவாரித்த அதே மக்கட் பெருக்கு அதனைச் சூழ்ந்து நின்றது.

இனி, அம்மாணவனின் வினாவுக்கு வருவோம். கேள்வி கேட்பவர் இல்லாத நாடு விரைவாகச் செல்லும் என்பது மெய்தான். இத்தாலியும் விரைவாகவே சென்றது. ஆயின் முன்னே பள்ளம் இருக்கிறதெனக் கூறுவார் எவருமிலர். வெடி மருந்து இல்லை, காலணி இல்லை, எண்ணெய் இல்லை, இது மழைக்காலம், இது எட்டாத இடம் என்று கூறத்தக்க அறிவுடையோர் அந்நாட்டிலும் இருந்தனர். அவர்கள் வாய் மூடப்பட்டிருந்தது. படைக்கலம் குறைந்த நாடு அவற்றை ஈட்டிக்கொள்ளலாம்; தன் குறையைக் கூறுவோரை இழந்த நாடு எதனையும் ஈட்டமாட்டாது.

ஆகவே, மாணவரே, எழுந்து கேள்வி கேட்ட உங்கள் தோழனை நான் பாராட்டினேன். கேள்வி கேட்பது வேண்டாமே என்பதும் ஒரு கேள்வியாக எழக்கூடிய வகுப்பறையே நாம் காக்கவேண்டிய செல்வம்.